ஐம்பொறியும் கணிப்பொறியும்





தசலட்சணப் பருவத்தில் அடக்கத்திற்குரிய நாளன்று, தூத்துக்குடியில் வாழும் நம்மவர் குடும்பங்கள் சில ஓர் இல்லத்தில் கூடி வழிபாடு நிகழ்த்தின. பூசை நிறைவுற்றதும் 'அடக்கம்' என்னும் பொருள் பற்றிச் சில சொற்கள் கூறுமாறு என்னைப் பணித்தனர். அன்று பேசியதையே நம் இதழைப் படிக்கும் குடும்பங்களுக்காக ஒழுங்குபடுத்தி இங்கே தருகிறேன். வந்தவாசிப் பக்கத்துச் சிற்றூரில் பிறந்து, ஆசிரியப் பயிற்சி முடித்து, கணவரின் துறைமுகப் பணியால் இக்கடற்கரைக்கு வந்து, முப்பத்தோராண்டுகள் மீனவர் பிள்ளைகளுக்கு எழுத்தறிவித்தவள் நான். அதனினும் வேறு தகுதி எனக்கில்லை. கற்றறிந்த பெரியோர்கள் குறை கண்டால் பொறுத்தருள வேண்டுகிறேன்.

அடக்கம் பற்றிப் பேசப் பழைய கதைகள் சிலவற்றை எண்ணி வைத்திருந்தேன். ஆனால் முதல் நாள் இரவு, பொறியியல் கல்லூரியில் பயிலும் என் பெயரன் கேட்ட இரண்டு கேள்விகள் அவற்றையெல்லாம் ஒதுக்கிவிட்டன.

"பாட்டி, மனிதனுடைய மூளையைக் கம்ப்யூட்டரோடு இணைத்துவிட்டார்கள். அவன் எண்ணினால் போதும், பொறி செய்து முடிக்கிறது. எண்ணத்தையே பொறி படித்துவிட்டால், ஆன்மா என்று நீங்கள் சொல்கிறீர்களே, அது எங்கே இருக்கிறது?" என்றான். நான் விடை தேடிக்கொண்டிருக்கும்போதே, குரலைத் தாழ்த்திக்கொண்டு, "பெரிய பாட்டி படுக்கையில் இருந்தபோது இந்தக் கருவி கிடைத்திருந்தால், அவர்களுக்கு வைக்கச் சொல்லியிருப்பீர்களா?" என்று கேட்டான்.

முதற் கேள்வி தத்துவத்தைப் பற்றியது. இரண்டாவது கேள்வி என் குடும்பத்தைப் பற்றியது. என் குற்றத்தைப் பற்றியதும் ஆகும். இரண்டுக்கும் விடை சொல்லக் கடமைப்பட்டிருக்கிறேன்.

பொறி செய்வது என்ன?

முதலில் செய்தியை உள்ளவாறு தெரிந்துகொள்வோம். அறியாமலே வியப்பதும் அறியாமலே இகழ்வதும் நற்காட்சி ஆகாது.

நம் மூளையில் ஏறத்தாழ 8,600 கோடி நரம்பணுக்கள் உள்ளன என்று கணக்கிட்டிருக்கிறார்கள். அவை ஒன்றோடொன்று மிக நுண்ணிய மின்துடிப்புகளால் தொடர்பு கொள்கின்றன. ஜெர்மனி நாட்டு மருத்துவர் ஹான்ஸ் பெர்கர் 1924இல் மனிதத் தலையிலிருந்து இம்மின்னலைகளை முதன்முதலாகப் பதிவு செய்து, 1929இல் வெளியிட்டார். இந்த அலைகளைக் கொண்டு கணிப்பொறியை இயக்கலாமே என்னும் கருத்தை 1973இல் அமெரிக்காவில் ழாக் விடால் என்பவர் முன்வைத்தார். 1988இல் பார்வெல், டான்சின் என்னும் இருவர் எழுத்துகளைக் கட்டங்களில் அடுக்கித் திரையில் காட்டினர். வரிசை வரிசையாக ஒளி மின்னும்போது, தான் வேண்டிய எழுத்து மின்னும் கணத்தில் மூளையில் எழும் அலையைக் கொண்டு அவ்வெழுத்தை அறிந்தனர்.

பின்னர் மூளையின் மேற்பரப்பிலேயே மின்முனைகளைப் பதிக்கத் தொடங்கினர். 2004இல் கழுத்துக்குக் கீழ் செயலிழந்த ஒருவர், தம் எண்ணத்தால் திரையிலுள்ள குறியை நகர்த்தினார். 2012இல் வெளியான ஆய்வில், ஏறத்தாழ பதினைந்து ஆண்டுகளாகக் கைகால் வழங்காத ஒரு பெண்மணி, எண்ணத்தால் எந்திரக் கையை இயக்கிக் காப்பிக் குப்பியை வாயருகே கொணர்ந்து பருகினார். 2021இல், எழுதுவதாக மனத்தில் எண்ணிய ஒருவரின் எழுத்துகளை நிமிடத்திற்கு 90 என்னும் அளவில் பொறி கண்டுகொண்டது. 2023இல் பேச்சிழந்த இரு பெண்மணிகளின் பேச முயலும் எண்ணத்திலிருந்து நிமிடத்திற்கு 62, 78 சொற்கள் வரை வெளிவந்தன. 2024 சனவரியில், நீராடும்போது நேர்ந்த விபத்தில் கழுத்துக்குக் கீழ் செயலிழந்திருந்த 29 வயது இளைஞர் ஒருவருக்கு, நியூராலிங்க் என்னும் நிறுவனம் தலைமயிரினும் மெல்லிய 64 இழைகளில் 1,024 மின்முனைகளைப் பதித்தது. அவர் கை அசையாமலே சதுரங்கம் ஆடியதை உலகம் கண்டது.

இவையெல்லாம் தொலைதூரச் செய்திகள் என்று எண்ணவேண்டா. நமக்குச் சில மணி நேரப் பயணத் தொலைவில் உள்ள திருவனந்தபுரத்தில் 2014ஆம் ஆண்டு ஒரு சோதனை நடந்தது. அங்கே ஒருவர் தலையில் மின்முனைகள் பொருத்திய உறையை அணிந்து அமர்ந்தார். கைகளை அசைப்பதாக எண்ணினால் ஒன்று, கால்களை அசைப்பதாக எண்ணினால் சுழி. இவ்விரு குறிகளால் அவர் எண்ணிய செய்தி இணையத்தின் வழியே பிரான்சு நாட்டின் ஸ்டிராஸ்பர்க் நகரை அடைந்தது. அங்கே கண்கட்டப்பட்டு அமர்ந்திருந்தவரின் மூளையில் காந்தத் துடிப்பு ஒளிப்பொறியைத் தோற்றுவித்தது. ஒளி தோன்றினால் ஒன்று, தோன்றாவிடில் சுழி. அவ்வாறு நிமிடத்திற்கு இரண்டு மூன்று குறிகளாக ஊர்ந்து சென்ற செய்தி என்ன தெரியுமா? இசுபானிய மொழியிலும் இத்தாலிய மொழியிலும் 'வணக்கம்' என்னும் பொருள்படும் இரண்டு சிறு சொற்கள்!

இதற்கு முந்திய ஆண்டு, 2013 ஆகஸ்டில், அமெரிக்காவின் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் இராஜேஷ் ராவ் தம் வலக்கையை அசைப்பதாக எண்ணியபோது, அவ்வளாகத்தின் மற்றொரு பகுதியில் இருந்த அவருடைய தோழரின் விரல் விசைப்பலகையை அழுத்தியது. இந்த இராஜேஷ் ராவ் நமக்கு முற்றிலும் புதியவர் அல்லர். நம் முன்னோரின் மலைக்குகைக் கல்வெட்டுகளைப் படித்துத் தந்த ஐராவதம் மகாதேவன் அவர்களோடு சேர்ந்து சிந்துவெளி எழுத்துகளை ஆராய்ந்து 2009இல் கட்டுரை வெளியிட்டவர். அவர் சோதனையில் அனுப்பிய செய்தி, கணிப்பொறி விளையாட்டில் பீரங்கியைச் சுடுவது.

ஒரு பொறி 'வணக்கம்' சொல்லியது. மற்றொரு பொறி, விளையாட்டாகவேனும், 'சுடு' என்றது. பொறிக்கு இரண்டும் ஒன்றே. வேறுபாடு எங்கே இருந்தது? எண்ணியவரிடத்தில் இருந்தது. இதனை நினைவில் இருத்திக்கொண்டு மேலே செல்வோம்.

கயிறும் குளியாளியும்

நான் இக்கடற்கரைக்கு வந்தது 1973இல். பெரிய அளவிலான முத்துக் குளிப்பு 1961ஆம் ஆண்டோடு நின்றுபோயிருந்தது. ஆயினும் அதில் ஈடுபட்ட முதியவர்கள் பலர் அப்போது இருந்தனர். என் வகுப்புப் பிள்ளை ஒருவனின் பாட்டனார் பள்ளித் திண்ணையில் அமர்ந்து அக்கதைகளைச் சொல்வார்.

குளியாளி காலில் கல்லைக் கோத்துக்கொண்டு, இடுப்பில் கயிற்றோடு, முத்துச்சிப்பி விளையும் பாருக்கு இறங்குவார். ஏறத்தாழ ஒரு நிமிடம் மூச்சடக்கிச் சிப்பிகளை வலைப்பையில் திரட்டுவார். மூச்சு முட்டும்போது கயிற்றை ஓர் இழுப்பு இழுப்பார். மேலே தோணியில் கயிறு பிடித்திருப்பவர் அந்த அசைவு ஒன்றைக் கொண்டே அவரைத் தூக்கிவிட வேண்டும். பெரும்பாலும் மைத்துனன்தான் கயிறு பிடிப்பான் என்பார் அந்த முதியவர். தங்கை தாலியறுக்க எந்த அண்ணன் விடுவான் என்று சொல்லிச் சிரிப்பார்.

நான் ஒருமுறை கேட்டேன்: "ஐயா, கயிறு பிடித்தவருக்கு உள்ளே இருப்பவர் என்ன நினைக்கிறார் என்று தெரியுமா?" அவர் சொன்னார்: "கயிறு அசைஞ்சா தெரியும் டீச்சர். அசையாம உள்ள என்ன நடக்குதுன்னு கடலுக்குத்தான் தெரியும்."

அன்பர்களே! மூளையில் பதித்த மின்முனையும் ஒரு கயிறே. அது அசைவைச் சொல்லும். அசைத்தவரை அறியாது.

நம் ஆகமம் இதனை எவ்வளவு நுட்பமாக வகுத்துவைத்திருக்கிறது என்று பாருங்கள். உடல், மொழி, மனம், மூச்சு ஆகியவை புத்கலத்தால் ஆகும் உதவிகள் என்று தத்துவார்த்த சூத்திரம் கூறுகிறது. மனத்தையே திரவிய மனம், பாவ மனம் என இரண்டாகப் பகுத்தனர் நம் ஆசாரியர்கள். திரவிய மனம் அணுக்களால் ஆனது, சடப்பொருள். நூல்கள் அதனை நெஞ்சில் எட்டிதழ்த் தாமரை வடிவில் இருப்பதாகக் கூறும். இன்றைய மருத்துவம் தலையில் காட்டுகிறது. இடத்தைப் பற்றி வழக்காடுவோர் வழக்காடட்டும். அது புத்கலம் என்பதே நமக்கு வேண்டிய செய்தி. பாவ மனமோ உயிரின் அறியும் தன்மை, அதாவது உபயோகம். பொறி படிப்பது முன்னதை. பின்னதன் நிழல் அதில் விழுவதால், நிழலை வைத்து ஊகிக்கிறது.

அது ஊகமே என்பதற்குச் சான்று உண்டு. இக்கருவியைப் பொருத்தியவுடன் எவரும் அதனைப் பயன்படுத்திவிட முடிவதில்லை. 'வலப்பக்கம் என்று எண்ணுங்கள், இடப்பக்கம் என்று எண்ணுங்கள்' என்று மீண்டும் மீண்டும் எண்ணச் செய்து, இன்ன எண்ணத்திற்கு இன்ன துடிப்பு என்று பொறிக்குப் பழக்க வேண்டும். 2024இல் கருவி பெற்ற அந்த இளைஞருக்குச் சில வாரங்களில் இழைகள் பல இடம்பெயர்ந்து விலகின. பொறியின் திறம் குன்றியது. அறிஞர்கள் கணக்கீட்டு முறையை மாற்றிச் சீர்செய்தனர். அந்நாட்களில் அவருடைய எண்ணம் குன்றவில்லை, கயிறுதான் நழுவியது.

ஆகவே இதனை மனப்பரியய ஞானத்தோடு ஒப்பிட்டு, 'முனிவர் பெற்றதைப் பொறியும் பெற்றுவிட்டது' என்று சிலர் பேசுவது பொருந்தாது. அந்த ஞானம் தவத்தால் தூய்மையுற்ற உயிர், மற்றோர் உயிரின் மனத்தைத் தானே அறிவது. பொறிக்குத் தூய்மையும் இல்லை, அறிதலும் இல்லை. பெயரனின் முதற் கேள்விக்கு என் விடை இதுவே: பொறி படித்தது கயிற்றின் அசைவை. ஆன்மா கயிற்றின் மறுமுனையில் இருக்கிறது.

மூன்றெழுத்து

இனி இரண்டாம் கேள்வி.

2009ஆம் ஆண்டு என் தமக்கையார் பக்கவாதத்தால் வீழ்ந்தார். கையும் காலும் வழங்கவில்லை. நா புரளவில்லை. மெல்ல விழுங்குவார், இதழ்களை மூடுவார், இமைகளை மூடித் திறப்பார், அவ்வளவே. அவரை என் இல்லத்திற்கே கொணர்ந்து வைத்துப் பார்த்துக்கொண்டேன். மூன்று மணிக்கு ஒருமுறை கஞ்சி புகட்டவேண்டும் என்பது மருத்துவர் கூற்று. பகலெல்லாம் நன்றாக விழுங்குவார். இரவு எட்டு மணிக்குப் புகட்டும்போது மட்டும் இதழ்களை இறுக மூடிக்கொள்வார். 'மூளை பாதிக்கப்பட்டவர்கள் இப்படித்தான் அடம்பிடிப்பார்கள்' என்றார் பணிப்பெண். கரண்டியின் நுனியால் இதழைத் திறந்து புகட்டினோம். கண்களிலிருந்து நீர் வழியும். அதனையும் நோயின் குறி என்றே எண்ணினோம். இவ்வாறு நாற்பது நாட்கள்.

ஒருநாள் பழைய பெட்டியில் என் ஆசிரியப் பயிற்சிக் காலத்து எழுத்தட்டைகள் அகப்பட்டன. உயிரெழுத்து பன்னிரண்டு, மெய்யெழுத்து பதினெட்டு. அவற்றை ஓர் அட்டையில் வரிசையாக ஒட்டி அவர் முன் பிடித்தேன். நான் வரிசையைத் தொட்டுக்கொண்டே வருவேன். வேண்டிய இடத்தில் அவர் கண்ணை மூடவேண்டும். முதலில் மெய், பின்னர் அதனோடு சேரும் உயிர். அரை மணி நேரம் முயன்றபின் மூன்றெழுத்து கிடைத்தது: இ, ர, வு.

இரவா? நேரம் கேட்கிறார் போலும் என்று எண்ணிக் கடிகாரத்தைக் காட்டினேன். அவர் கண்கள் சாளரத்தின் இருட்டை நோக்கின. பின்னர் என் கையிலிருந்த கஞ்சிக் கிண்ணத்தை நோக்கின. அப்போதுதான் எனக்கு விளங்கிற்று. ஒன்பது வயதில் பாட்டியாரிடம் ஏற்ற இரவுண்ணா விரதத்தை அறுபதாண்டுகளுக்கு மேலாக ஒருநாளும் தவறாதவர் அவர். உடம்பு முழுவதும் கைவிட்டபின், தமக்கு எஞ்சியிருந்த இரண்டு இதழ்களைக் கொண்டு அந்த விரதத்தைக் காத்துக்கொண்டிருந்தார். அதனை நாற்பது இரவுகள் நான் கரண்டியால் உடைத்துக்கொண்டிருந்தேன்.

'எனக்குத் தெரியாதா? நானும் அதே பாட்டியாரின் பெயர்த்திதானே?' என்று கேட்பீர்கள். தெரியும். நோயுற்றோர்க்கு விலக்கு உண்டு என்று நானே முடிவு செய்துகொண்டேன். அவரைக் கேட்கவில்லை. பேச இயலாதவரைக் கேட்பது எப்படி என்று எண்ணினேன். பேச இயலாதவருக்கு விருப்பமும் இராது என்று என் நெஞ்சு தானாகவே கருதிக்கொண்டது. அதுவே என் குற்றம். மறுநாள் முதல் கதிரவன் மறைவதற்கு முன் கடைசிக் கஞ்சி. குழந்தையைப் போல வாயைத் திறந்து உண்டார். அதன்பின் பதினான்கு மாதங்கள் வாழ்ந்து அமைதியாக மறைந்தார்.

நன்னூல் தந்த பவணந்தி முனிவர் நம் நெறியைச் சேர்ந்தவர். அந்நூலைப் பாடம் சொன்ன காலத்தில், 'மெய் தானே இயங்காது, உயிர் சேர்ந்தால்தான் ஒலிக்கும்' என்று எத்தனையோ பிள்ளைகளுக்குக் கற்பித்திருக்கிறேன். அது எழுத்தைப் பற்றிய பாடம் மட்டுமன்று என்பதைத் தமக்கையாரின் படுக்கையருகில் கற்றுக்கொண்டேன். மெய் வழங்காதபோதும் உயிர் உயிராகவே இருக்கிறது.

கழுகுமலையில் நிற்பவர்

நம் மாவட்டத்துக் கழுகுமலைக்குச் சென்றிருப்பீர்கள். செல்லாதவர்கள் ஒருமுறை குடும்பத்தோடு செல்லுங்கள். பாண்டியர் காலத்தில், எட்டு, ஒன்பதாம் நூற்றாண்டுகளில் செதுக்கப்பட்ட திருமேனிகள் அப்பாறையில் வரிசை வரிசையாக அமர்ந்திருக்கின்றன. அங்குள்ள கல்வெட்டுகளில் குரத்தியர் எனப்பட்ட பெண் ஆசிரியர்களின் பெயர்களையும் காணலாம். ஆசிரியப் பணி செய்தவள் என்பதால், அவ்விடத்தில் எனக்குத் தனியொரு மகிழ்ச்சி உண்டு.

அப்பாறையில் கொடிகள் சுற்றிய கால்களோடு பாகுபலி நிற்கிறார். ஓராண்டு அசையாது நின்றவர். புற்றுகள் எழுந்தன, கொடிகள் படர்ந்தன. மெய் அடங்கிற்று, மொழி அடங்கிற்று. ஆயினும் கேவல ஞானம் கைகூடவில்லை. ஏன்? 'என் தமையனார் என்னால் மனம் வருந்தினாரே' என்னும் ஒரே ஓர் எண்ணம் உள்ளே முள்ளாக நின்றது. பரதர் வந்து வணங்கியபோது அம்முள் அகன்றது. அக்கணமே முழுதுணர் ஞானம் மலர்ந்தது.

மெய், மொழி, மனம் ஆகியவற்றின் அசைவே யோகம். அதுவே வினை வந்து சேரும் ஊற்று என்பது நமக்குப் பால பாடம். மூன்றில் மனத்தை நாம் எளிதாக மறந்துவிடுகிறோம். 'நினைத்தேன், செய்யவில்லையே' என்று ஆறுதல் கொள்கிறோம். எண்ணத்திற்கும் செயலுக்கும் இடையே கை என்ற ஒன்று இருப்பதால், அந்த இடைவெளியில் ஒளிந்துகொள்கிறோம். இன்று அந்த இடைவெளியைப் பொறி அகற்றியிருக்கிறது. எண்ணிய அளவில் திரையில் குறி நகர்கிறது, எந்திரக் கை நீள்கிறது. 'எண்ணமும் ஒரு செயலே' என்று ஜினர் அருளியதை நம்பாதவர்களும் கண்ணால் காணும் காலம் வந்துவிட்டது.

நாளை இத்தகைய பொறி எளிதாகக் கிடைக்குமானால், அதனை அணியத் தகுதியுடையவர் யார்? மனோகுப்தி பழகியவரே. கோபத்தில் ஓங்கிய கையைக்கூட மடக்கிக்கொள்ளலாம். கோபத்தில் எழுந்த எண்ணமே கையாகிவிட்டால், மடக்குவது எதனை?

மூன்று விரதங்கள், மூன்று கேள்விகள்

அப்படியானால் இக்கருவியை ஏற்பதா, தள்ளுவதா? நம் அணுவிரதங்களில் மூன்றை அளவுகோலாகக் கொண்டு பார்ப்போம்.

முதலாவது கொல்லாமை. இதனைப் பேச நம் கடற்கரைச் சிப்பியே போதும். தூத்துக்குடியில் உள்ள மத்தியக் கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையம் 1973இல் செயற்கை முறையில் உருண்டை முத்தை விளைவித்து வெற்றி கண்டது. சிப்பியின் உடலைக் கீறி, சிறு மணியையும் மற்றொரு சிப்பியின் திசுத் துணுக்கையும் உள்ளே வைப்பார்கள். வேற்றுப்பொருள் நுழைந்தபோது சிப்பி அதன்மேல் அடுக்கடுக்காகப் பூச்சு இடுகிறது; அதுவே முத்து. மனித மூளையும் இதனையே செய்கிறது என்று அறிந்தபோது வியந்தேன். பதித்த மின்முனையைச் சுற்றி மூளை வடுத்திசுவைப் படரவிடுகிறது. அதனால் நாளடைவில் குறிகள் மங்குகின்றன. ஈரறிவுயிரான சிப்பியும் மனம் படைத்த மனிதனும் உள்ளே நுழைந்த அயற்பொருளை மூடி மறைக்கவே முயல்கின்றன.

என் தமக்கையார் முத்து அணிந்ததில்லை. நான் இவ்வூருக்கு வந்த புதிதில் முத்துத்தோடு வாங்கி அனுப்பினேன். 'ஈரறிவுயிரின் நோவு என் காதில் தொங்க வேண்டா' என்று திருப்பியனுப்பிவிட்டார்.

மூளைக் கருவிகளுக்காக நோவுற்றவை சிப்பிகள் அல்ல. ஐம்பொறியும் மனமும் உடைய குரங்குகள். 2021இல் ஒரு குரங்கு எண்ணத்தால் திரையில் பந்தாடியதைக் காட்டி உலகை வியக்கச் செய்தனர். அடுத்த ஆண்டே, சோதனைக்குரிய குரங்குகளுள் சில உயிர்நீக்கப்பட்டதை அந்நிறுவனமே ஒப்புக்கொண்டது. இதனை மறைத்துவிட்டுக் கருவியின் பெருமையை மட்டும் பேசுவது நம் நெறிக்குப் பொய்ம்மையாகும். அதேபோல, நாம் உண்ணும் மருந்துகள் பலவற்றின் பின்னும் இத்தகைய கடன் உண்டு என்பதை மறந்து, இதனை மட்டும் பழிப்பதும் நேர்மையன்று. இல்லறத்தார்க்கு முழுக் கொல்லாமை இயலாது என்பதால்தான் ஆலோசனையும் பிரதிக்கிரமணமும் வகுக்கப்பட்டன. உயிர்களை வருத்தாத சோதனை வழிகளை வளர்க்க வேண்டும் என்று கேட்பதும், அவ்வழியில் ஆராயும் இளைஞர்களை நம் குடும்பங்களிலிருந்து உருவாக்குவதும் அக்கடனைத் தீர்க்கும் வழிகள்.

இரண்டாவது கள்ளாமை. கொடாததை எடுத்தலே களவு என்பது நம் இலக்கணம். ஒருவர் தாமாகக் கொடாத எண்ணத்தை அவர் தலையிலிருந்து எடுப்பது எத்தகைய களவு! தலையில் அணியும் எளிய மின்பட்டைகள் இன்று கடைகளில் விற்கப்படுகின்றன. அவற்றில் சேரும் மூளைக்குறிகள் யாருடையவை? தென்னமெரிக்காவின் சிலி நாடு 2021இல் தன் அரசியல் சட்டத்தைத் திருத்தி, மூளையின் செயலையும் அதிலிருந்து பெறும் செய்திகளையும் காக்க வகை செய்தது. 2023இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம், ஒரு நிறுவனம் எடுத்து வைத்திருந்த ஒருவரின் மூளைத் தரவை அழிக்குமாறு ஆணையிட்டது. நம் நாட்டிலும் இதைப் பற்றி இப்போதே சிந்திக்கவேண்டும்.

மூன்றாவது மிகுபொருள் விரும்பாமை. நோயாளிக்கு இழந்ததைத் திருப்பித் தருவது கருணை. நலமுடையவர் 'இன்னும் வேண்டும்' என்று தலையைத் திறப்பது வேட்கை. நியூராலிங்கை நிறுவியவருள் ஒருவரான ஈலான் மஸ்க், மனித மூளை செயற்கை அறிவோடு ஒன்றி வாழ்வதே இறுதி நோக்கம் என்று வெளிப்படையாகவே கூறியிருக்கிறார். எழுத்தைப் பிராமிக்கும் எண்ணைச் சுந்தரிக்கும் ஆதிபகவன் கற்பித்தது மக்கள் வாழ்வு செழிக்கவே. எழுத்தாலும் எண்ணாலும் ஆன கணிப்பொறி வேட்கையை வளர்க்கும் கருவியாகிவிட்டால், அக்கல்வியின் பயனை நாம் இழந்தவர்கள் ஆவோம்.

என் விடை

இப்போது பெயரனுக்குச் சொன்ன விடையைக் கூறுகிறேன்.

"உன் பெரிய பாட்டிக்கு அந்தக் கருவியை வைக்கச் சொல்லியிருப்பேனா என்று கேட்டாய். அந்த மூன்றெழுத்து நாற்பது நாள் முன்னதாகவே கிடைத்திருக்குமானால், எதையும் கொடுத்திருப்பேன். ஆனால் விடை சொல்லவேண்டியவள் நானல்லேன். கருவி எப்படிச் செய்யப்பட்டது, எந்த உயிர்கள் அதற்காக வருந்தின, தலையைத் திறப்பதில் என்ன இடர் என்று ஒன்றையும் மறைக்காமல் அவர்களிடம் சொல்வேன். பிறகு எழுத்தட்டையைப் பிடிப்பேன். அவர்கள் கண் சொல்வதைச் செய்வேன். முத்துத்தோட்டைத் திருப்பியனுப்பியவர் வேண்டா என்றுதான் சொல்லியிருப்பார் என்று எனக்குத் தோன்றுகிறது. ஆனால் அப்படித் தோன்றுவதைக்கூட இனி நான் நம்பமாட்டேன், கேட்பேன்."

அவன் நெடுநேரம் பேசவில்லை. பிறகு, "கேட்பதற்குத்தானே பாட்டி அந்தக் கருவியே" என்றான். ஆம், அது அதற்கே ஆகவேண்டும்.

அன்பர்களே! இக்கடலில் சங்கு குளிக்கச் செல்வோருள் சிலர் அழுத்த மாற்றத்தால் கைகால் செயலிழந்து வீட்டில் முடங்கிக் கிடப்பதைக் கண்டிருக்கிறேன். நம் இல்லங்களிலும் பக்கவாதத்தால் பேச்சிழந்த முதியோர்கள் உண்டு. பெரும்பொறி அவர்களை அடைய எத்தனை ஆண்டுகள் ஆகுமோ! எழுத்தட்டைக்கு ஒரு பைசாவும் வேண்டா. பேச இயலாதவர் படுக்கையருகில் அதனை வையுங்கள். அவரைப் பற்றி அவர் முன்னிலையில் பிறரிடம் பேசாதீர்கள், அவரிடமே பேசுங்கள். விடை வரும்வரை பொறுத்திருங்கள்.

நாள்தோறும் இரண்டு நாழிகைப் பொழுது சாமாயிகத்தில் அமருங்கள். நம் மனம் என்னும் கயிறு இன்று எதற்காக அசைந்தது, வணக்கம் சொல்லவா, சுடவா என்று நாமே படித்துப் பாருங்கள். அதனைப் படிக்க எந்தப் பொறியும் வேண்டா. ஐம்பொறியை அடக்கியவர்க்குக் கணிப்பொறி நல்ல பணியாள். அடக்காதவர்க்கு அதுவும் ஓர் ஆறாம் பொறியாகி வினையை வளர்க்கும்.

என் தமக்கையாரிடம் நான் கேட்காமல் செய்த பிழைக்கு இவ்வுரையின் வாயிலாக மீண்டும் ஒருமுறை பொறுத்தருள வேண்டுகிறேன். சிப்பி முதலாக மனிதர் ஈறாக எவ்வுயிரும் என்னைப் பொறுக்க. எவ்வுயிரையும் நான் பொறுக்கிறேன்.

எல்லா உயிரும் நலம் பெறுக! ஜினதருமம் ஓங்குக!